கேம் அப்டேட் பாதியில் நிற்கிறதா? அன்இன்ஸ்டால் செய்வதற்கு முன் பார்க்க வேண்டியவை

80 ஜிபி கேம் ஒன்று கடைசிக் கட்டத்தில் நின்று "டிஸ்க் ரைட் எரர்" என்று காட்டினால், கை தானாக அன்இன்ஸ்டால் பட்டனுக்குப் போகும். போக விடாதீர்கள். அழித்துவிட்டு மறுபடி இறக்கினாலும் பெரும்பாலும் அதே இடத்தில் அதே பிழைதான் வரும். கோளாறு கேமில் இருப்பது குறைவு. வேறொரு புரோகிராம் அந்த ஃபைலைப் பிடித்து வைத்திருக்கும். அல்லது அந்த ஃபோல்டரில் எழுத உங்கள் அக்கவுன்ட்டுக்கு உரிமை இருக்காது. அல்லது டிஸ்க்கே எழுத மறுக்கும். இந்த மூன்றில் எது என்று கண்டுபிடித்துவிட்டால் பாதி வேலை முடிந்தது.

கீழே உள்ளவை விண்டோஸ் 10, 11 கணினிகளில் ஸ்டீம் (கேம்களை வாங்கி, இறக்கி, திறக்க உதவும் லாஞ்சர்) வைத்திருப்பவர்களுக்காக எழுதப்பட்டவை. எபிக் போன்ற மற்ற லாஞ்சர்களில் மெனு பெயர்கள் மாறும், அடிப்படை மாறாது.

பிழைச் செய்தி என்ன சொல்கிறது?

"கன்டென்ட் ஃபைல் லாக்டு" என்று வந்தால், அந்த ஃபைலை வேறு ஏதோ ஒன்று திறந்து வைத்திருக்கிறது. விண்டோஸ் இதைப் பிழை எண் 32 என்று குறிக்கும். "மிஸ்ஸிங் ஃபைல் ப்ரிவிலேஜஸ்" அல்லது "ஆக்ஸஸ் இஸ் டினைடு" என்றால் பெரும்பாலும் உரிமைச் சிக்கல். அதன் எண் 5. "மிஸ்ஸிங் எக்ஸிகியூட்டபிள்" என்றால் கேமைத் தொடங்கும் ஃபைலே அதன் இடத்தில் இல்லை. அப்டேட் அரைகுறையாக முடிந்திருக்கும், இல்லையென்றால் ஆன்டிவைரஸ் தூக்கிப் போயிருக்கும்.

"டிஸ்க் ரைட் எரர்" மட்டும் எதையும் உருப்படியாகச் சொல்லாது. மூன்று காரணங்களில் எதுவாகவும் இருக்கலாம். அப்போது ஸ்டீம் எழுதி வைக்கும் பதிவைத் திறந்து பாருங்கள். ஸ்டீம் நிறுவியிருக்கும் ஃபோல்டருக்குள் (வழக்கமாக சி டிரைவில், ப்ரோகிராம் ஃபைல்ஸ் எக்ஸ்86 உள்ளே) "லாக்ஸ்" என்ற ஃபோல்டர் இருக்கும். அதில் "கன்டென்ட் லாக்" என்ற டெக்ஸ்ட் ஃபைலை நோட்பேடில் திறந்து, நேராகக் கடைசி வரிகளுக்குப் போங்கள். எழுத முடியாமல் போன ஃபைலின் பெயரும் அது இருக்கும் இடமும் அங்கே கிடைக்கும். அந்த ஒரு ஃபைலை மட்டும் அழித்துவிட்டு அப்டேட்டைத் தொடர்ந்தாலே பலமுறை சரியாகிவிடும். அழிக்கும்போதும் "வேறு புரோகிராமில் திறந்திருக்கிறது" என்று விண்டோஸ் மறுத்தால் நல்லதுதான், காரணம் தெரிந்துவிட்டது.

படி 1: பிடித்து வைத்திருப்பதை விடுவியுங்கள்

ஸ்டீம் ஜன்னலில் பெருக்கல் குறியை அழுத்தினால் அது மூடாது, ஒளிந்துகொள்ளும். கடிகாரத்துக்குப் பக்கத்தில் இருக்கும் சின்னத்தை ரைட் கிளிக் செய்து "எக்ஸிட்" கொடுங்கள். பிறகு கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தி டாஸ்க் மேனேஜரைத் திறந்து, "டீடெய்ல்ஸ்" பகுதியில் கேமின் பெயரைத் தேடுங்கள். திரையில் கேம் மூடியிருக்கும், பின்னணியில் அதன் ப்ராசஸ் (ஓடிக்கொண்டிருக்கும் புரோகிராம்) உயிரோடு இருக்கும். இது அடிக்கடி நடப்பது. கூடவே கேமின் சொந்த லாஞ்சரும், கேம் முடங்கினால் தகவல் அனுப்பும் கிராஷ் ரிப்போர்ட்டரும் ஓடிக்கொண்டிருக்கலாம். "எண்ட் டாஸ்க்" கொடுங்கள்.

அதிலும் தீரவில்லையா? கணினியை ரீஸ்டார்ட் செய்யுங்கள். ஷட் டவுன் செய்து மறுபடி ஆன் செய்வது இதற்குச் சமமல்ல. விண்டோஸில் "ஃபாஸ்ட் ஸ்டார்ட்அப்" ஆன் ஆகியிருந்தால், ஷட் டவுன் செய்தாலும் டிரைவர்கள் (விண்டோஸின் அடிமட்டத்தில் ஓடும் சிறு புரோகிராம்கள்) இருந்த நிலை அப்படியே டிஸ்க்கில் சேமிக்கப்பட்டு, அடுத்த முறை திரும்ப ஏற்றப்படும். ஆன்டிவைரஸ், ஆன்டி சீட் (கேமில் ஏமாற்றுவதைத் தடுக்கும் மென்பொருள்) இரண்டின் டிரைவர்களும் அதில் அடக்கம். ரீஸ்டார்ட் மட்டும்தான் எல்லாவற்றையும் புதிதாகத் தொடங்கும்.

யார் பிடித்திருக்கிறார்கள் என்று தெரிந்தே ஆக வேண்டுமென்றால், ஸ்டார்ட் மெனுவில் "ரிசோர்ஸ் மானிட்டர்" என்று தேடித் திறந்து, "சிபியு" பகுதியில் "அசோசியேட்டட் ஹேண்டில்ஸ்" என்ற தேடல் பெட்டியில் கேம் ஃபோல்டரின் பெயரை அடியுங்கள். அதைத் திறந்து வைத்திருக்கும் புரோகிராம்கள் வரிசையாக வரும்.

படி 2: டிஸ்க்கில் இடம்

அப்டேட் 1 ஜிபிதானே, 10 ஜிபி காலி இருக்கிறதே என்று நினைப்பதில் ஒரு பொறி உண்டு. பல கேம்கள் தங்கள் தரவை மிகப் பெரிய மூட்டைகளாக வைத்திருக்கும். 40 ஜிபி மூட்டை ஒன்றில் சிறு பகுதி மாறினாலும், ஸ்டீம் பழைய மூட்டையை வைத்துக்கொண்டே அதன் பக்கத்தில் புதியதைக் கட்டும். வேலை முடியும்வரை அந்த 40 ஜிபி கூடுதலாக வேண்டும். கேமின் பாதி அளவுக்காவது இடம் காலியாக இருக்கட்டும்.

எக்ஸ்டர்னல் டிஸ்க்கில் கேம் வைத்திருப்பவர்கள் அந்த டிரைவை ரைட் கிளிக் செய்து "ப்ராப்பர்ட்டீஸ்" பார்க்கவும். "ஃபைல் சிஸ்டம்" என்ற இடத்தில் ஃபேட்32 என்று இருந்தால், 4 ஜிபிக்கு மேற்பட்ட எந்த ஃபைலையும் அதில் எழுதவே முடியாது, எவ்வளவு இடம் இருந்தாலும். உள்ளே இருப்பதை வேறு இடத்தில் நகலெடுத்துவிட்டு என்டிஎஃப்எஸ்ஸுக்கு ஃபார்மட் செய்வது எளிய வழி.

படி 3: ஸ்டீமின் சொந்தக் கருவிகள்

இந்த வரிசையிலேயே செய்யுங்கள். ஒவ்வொன்றுக்குப் பிறகும் அப்டேட்டை முயன்று பார்த்துவிட்டு அடுத்ததற்குப் போங்கள்.

1. லைப்ரரியில் கேமை ரைட் கிளிக் செய்து, ப்ராப்பர்ட்டீஸ், இன்ஸ்டால்டு ஃபைல்ஸ், "வெரிஃபை இன்டெக்ரிட்டி". கெட்டுப்போன ஃபைல்களை மட்டும் மறுபடி இறக்கும். ஓரிரு ஃபைல்கள் ஒவ்வொரு முறையும் "ஃபெயில்டு" என்று வந்தால் பதற வேண்டாம். உங்கள் கணினிக்கு ஏற்ப மாறும் அமைப்பு ஃபைல்களாக இருக்கும்.

2. செட்டிங்ஸ், டவுன்லோட்ஸ், "கிளியர் டவுன்லோட் கேஷ்". கேம்கள் அழியாது. மறுபடி லாகின் கேட்கலாம் என்பதால் பாஸ்வேர்டும், ஸ்டீம் கார்டு (லாகினை உறுதிசெய்யும் குறியீடு தரும் வசதி) உள்ள போனும் கையில் இருக்கட்டும்.

3. செட்டிங்ஸ், ஸ்டோரேஜ். டிரைவைத் தேர்ந்து மூன்று புள்ளியை அழுத்தி "ரிப்பேர் ஃபோல்டர்".

4. ஸ்டீமை மூடிவிட்டு, "ஸ்டீம்ஆப்ஸ்" ஃபோல்டருக்குள் "டவுன்லோடிங்" என்பதைத் திறங்கள். உள்ளே எண்களால் பெயரிட்ட ஃபோல்டர்கள் இருக்கும். ஒவ்வொரு கேமுக்கும் ஓர் எண் உண்டு: டோட்டா 2க்கு 570, கவுன்ட்டர் ஸ்ட்ரைக் 2க்கு 730. உங்கள் கேமின் எண், அதன் ஸ்டோர் பக்க முகவரியில் இருக்கும். அந்த எண்ணுள்ள ஃபோல்டரை மட்டும் அழியுங்கள். இறங்கிய பகுதி வீணாகும், அதனால்தான் இது நான்காவதாக இருக்கிறது.

படி 4: ஆன்டிவைரஸ்

"மிஸ்ஸிங் எக்ஸிகியூட்டபிள்" வந்தவர்கள் முதலில் இங்கே வரலாம். விண்டோஸ் செக்யூரிட்டியைத் திறந்து, "வைரஸ் அண்ட் த்ரெட் ப்ரொடெக்ஷன்" உள்ளே "ப்ரொடெக்ஷன் ஹிஸ்டரி" பாருங்கள். கேமின் ஃபைல் அங்கே சிறை வைக்கப்பட்டிருந்தால் "ரிஸ்டோர்" கொடுக்கலாம். பிறகு "மேனேஜ் செட்டிங்ஸ்" பக்கத்தின் அடியில் "எக்ஸ்க்ளூஷன்ஸ்" என்பதில் அந்தக் கேமின் ஃபோல்டரை மட்டும் சேருங்கள், டிரைவ் முழுவதையும் அல்ல. இந்தச் சலுகை, கடையில் வாங்கி ஸ்டீம் வழியாக வந்த கேமுக்கு மட்டும்தான். கிராக் செய்த கேமில் ஆன்டிவைரஸ் அலறினால், அலறுவதற்குக் காரணம் இருக்கலாம்.

இன்னொன்று பலர் கண்ணில் படாமல் போகும்: "கன்ட்ரோல்டு ஃபோல்டர் ஆக்ஸஸ்". ஃபைல்களைப் பூட்டிவிட்டுப் பணம் கேட்கும் ரான்சம்வேரைத் தடுக்க 2017இல் விண்டோஸ் 10இல் வந்த வசதி. தானாக ஆன் ஆகாது, ஆனால் ஆன் செய்துவிட்டால் டாக்குமென்ட்ஸ் ஃபோல்டரில் அறிமுகமில்லாத புரோகிராம் எதையும் எழுத விடாது. ஏராளமான கேம்கள் சேவ் ஃபைல்களை வைப்பது அங்கேதான். கேம் திறந்த உடனே மூடிக்கொள்வது, சேவ் ஆகாமல் போவது இரண்டும் இதன் அறிகுறிகள். "ரான்சம்வேர் ப்ரொடெக்ஷன்" பக்கத்தில் "அலோ அன் ஆப்" வழியாகப் போய், "ரீசன்ட்லி பிளாக்டு ஆப்ஸ்" பட்டியலிலிருந்து கேமைச் சேர்த்தால் போதும். வசதியையே அணைக்க வேண்டியதில்லை.

டாக்குமென்ட்ஸ் ஃபோல்டரை மைக்ரோசாஃப்ட்டின் இணையச் சேமிப்பான ஒன்டிரைவ் எடுத்துக்கொண்டிருந்தால் அதுவும் தொல்லைதான். சேவ் ஃபோல்டரில் மேகச் சின்னம் தெரிந்தால், ரைட் கிளிக் செய்து "ஆல்வேஸ் கீப் ஆன் திஸ் டிவைஸ்" கொடுங்கள்.

படி 5: உரிமை

விண்டோஸை ஃபார்மட் செய்து மறுபடி போட்டவர்களுக்கும், பழைய கணினியின் டிஸ்க்கைப் புதியதில் மாட்டியவர்களுக்கும் வருவது பெரும்பாலும் இதுதான். டி டிரைவில் இருந்த கேம்கள் அப்படியே இருக்கும், ஆனால் அவற்றின் உரிமையாளர் பழைய விண்டோஸில் இருந்த உங்கள் அக்கவுன்ட். பெயர் ஒன்றாகவே இருந்தாலும் புதிய விண்டோஸுக்கு நீங்கள் வேற்றாள். விண்டோஸ் பார்ப்பது பெயரை அல்ல, அதன் பின்னால் இருக்கும் அடையாள எண்ணை.

சரிபார்க்க, ஸ்டீம் லைப்ரரி ஃபோல்டரை (ஸ்டீம் கேம்களை வைத்திருக்கும் ஃபோல்டர்) ரைட் கிளிக் செய்து ப்ராப்பர்ட்டீஸ், "செக்யூரிட்டி", "அட்வான்ஸ்டு" என்று போங்கள். மேலே "ஓனர்" இடத்தில் பெயருக்குப் பதில் எஸ்-1-5-21 என்று தொடங்கும் நீண்ட எண் இருந்தால், அது இல்லாமல் போன பழைய அக்கவுன்ட். பக்கத்தில் "சேஞ்ச்" அழுத்தி, உங்கள் யூசர் பெயரை அடித்து, "செக் நேம்ஸ்", ஓகே. அடுத்து வரும் "ரீப்ளேஸ் ஓனர் ஆன் சப்கன்டெய்னர்ஸ்" என்பதில் டிக் போட மறக்காதீர்கள்; மறந்தால் மேல் ஃபோல்டர் மட்டும் உங்களுடையதாகும், உள்ளே இருப்பவை மாறாது. "அப்ளை" கொடுத்து எல்லா ஜன்னல்களையும் மூடுங்கள். மறுபடி செக்யூரிட்டி பகுதிக்கு வந்து, "எடிட்" அழுத்தி, உங்கள் அக்கவுன்ட்டுக்கு "ஃபுல் கன்ட்ரோல்" கொடுங்கள். பெரிய லைப்ரரியாக இருந்தால் சில நிமிடங்கள் ஓடும். இடையில் நிறுத்த வேண்டாம்.

இதை ஸ்டீம் ஃபோல்டரோடு நிறுத்திக்கொள்ளுங்கள். சி டிரைவ் முழுவதற்கும் செய்தால் விண்டோஸ் கெடும். எக்ஸ்பாக்ஸ் ஆப் கேம்களுக்காக "விண்டோஸ்ஆப்ஸ்" ஃபோல்டரின் உரிமையை எடுத்தாலும் ஸ்டோர் ஆப்கள் தகராறு செய்யத் தொடங்கும். அந்தக் கேம்களுக்கு விண்டோஸ் செட்டிங்ஸ், ஆப்ஸ் பகுதியில் "அட்வான்ஸ்டு ஆப்ஷன்ஸ்" உள்ளே இருக்கும் "ரிப்பேர்" போதும்.

"ரீட் ஒன்லி டிக்கை எடுங்கள்" என்று ஓர் அறிவுரை ஊரெல்லாம் சுற்றுகிறது. ஃபோல்டரின் ப்ராப்பர்ட்டீஸில் ரீட் ஒன்லி பெட்டி எப்போதும் நிரம்பித்தான் இருக்கும். எடுத்தாலும் திரும்ப வந்து உட்காரும். அது ஃபோல்டரைப் பற்றிய தகவலே அல்ல, உள்ளே இருக்கும் ஃபைல்களை மொத்தமாக மாற்றுவதற்கான பெட்டி. அது திரும்ப வருவதைப் பார்த்து மணிக்கணக்கில் மல்லுக்கட்ட வேண்டாம்.

"ரன் அஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்" ஒருமுறை சோதித்துப் பார்க்க உதவும். அட்மினாகத் திறந்தால் மட்டும் வேலை செய்கிறது என்றால் உரிமைதான் சிக்கல் என்று உறுதியாகிறது. அதையே நிரந்தரமாக வைத்துக்கொள்வது மருந்தல்ல. அந்த ஸ்டீம் திறக்கும் ஒவ்வொரு கேமும் அட்மின் அதிகாரத்தோடு ஓடும்.

படி 6: டிஸ்க்

இதுவரை எதுவும் உதவவில்லை, ஒவ்வொரு முறையும் அதே ஃபைலில் நிற்கிறது, வெரிஃபை செய்யும்போதும் கணினி உறைகிறது என்றால் டிஸ்க்கைச் சந்தேகப்படலாம். முதலில் சேவ் ஃபைல்களையும் முக்கியமானவற்றையும் வேறு டிஸ்க்கில் நகலெடுங்கள். பழுதான டிஸ்க்கை நீண்ட நேரம் சோதிப்பதே அதைக் கொன்றுவிடலாம். பிறகு டிரைவின் ப்ராப்பர்ட்டீஸில் "டூல்ஸ்" பகுதியில் "செக்" கொடுங்கள். கிரிஸ்டல்டிஸ்க்இன்ஃபோ என்ற இலவச மென்பொருள், டிஸ்க் தானே பதிந்து வைத்திருக்கும் உடல்நிலையைக் காட்டும். அதில் "காஷன்" அல்லது "பேட்" என்று வந்தால் ரிப்பேரை அங்கேயே நிறுத்திவிடுங்கள்.

வேறு டிரைவ் இருந்தால், ப்ராப்பர்ட்டீஸ், இன்ஸ்டால்டு ஃபைல்ஸ் பகுதியில் "மூவ் இன்ஸ்டால் ஃபோல்டர்" கொண்டு கேமை அங்கே மாற்றிப் பாருங்கள். புதிய இடத்தில் அப்டேட் ஓடிவிட்டால் பழைய டிரைவில்தான் கோளாறு. மாற்றும்போதே பாதியில் நின்றால் பழைய டிஸ்க்கிலிருந்து படிக்கக்கூட முடியாமல் இருக்கலாம். அந்த நிலையில் மட்டும் அன்இன்ஸ்டால் செய்து, புதிய டிரைவில் முதலிலிருந்து இறக்குங்கள்.