லாரல் உல்ரிக்கை வாசிக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

அமெரிக்கச் சமூக வரலாற்றை எழுதிய லாரல் தாட்சர் உல்ரிக், பலருக்கு ஒரே ஒரு வாக்கியமாகத்தான் அறிமுகம். 'அடக்கமாக வாழும் பெண்கள் வரலாற்றில் இடம்பெறுவது அரிது' என்ற அந்த வரி டிசட்டையிலும் காபிக் கோப்பையிலும் ஊர் சுற்றுகிறது. அதைக் கலகத்துக்கான அழைப்பாக எடுத்துக்கொள்வதுதான் முதல் தவறு. பெண்களின் மரணத்தையொட்டி ப்யூரிட்டன் (கண்டிப்பான ஒரு சீர்திருத்தக் கிறிஸ்தவப் பிரிவு) பாதிரியார்கள் செய்த பிரசங்கங்களைப் பற்றி உல்ரிக் 1976இல் எழுதிய ஆய்வுக் கட்டுரையில் வருகிறது அது. பக்தியோடு வாழ்ந்து சத்தமில்லாமல் மறைந்த பெண்களை வரலாற்றாசிரியர்கள் கண்டுகொள்ளவில்லையே என்ற ஆதங்கம்தான் அதில் இருக்கிறது.

அப்படி ஒரு பெண்தான் மார்த்தா பல்லார்ட். அப்போது மாசசூசெட்ஸ் மாநிலத்தின் பகுதியாக இருந்த மெய்னில், ஹாலோவெல் என்ற ஊரின் மருத்துவச்சி. 1785 முதல் 1812 வரை நாட்குறிப்பு எழுதியவர். அதை வைத்து உல்ரிக் 1990இல் வெளியிட்ட 'எ மிட்வைஃப்ஸ் டேல்' (ஒரு மருத்துவச்சியின் கதை) அடுத்த ஆண்டு புலிட்சர் பரிசு பெற்றது. ஒவ்வோர் அத்தியாயமும் நாட்குறிப்பின் சில பக்கங்களோடு தொடங்கும். வானிலை, தோட்ட வேலை, நெசவு, யார் வீட்டில் பிரசவம், என்ன கூலி என்று போகும். சலிப்பாக இருக்கிறதே என்று பலரும் அதைத் தாண்டி விளக்கத்துக்குப் போய்விடுகிறார்கள். தயவுசெய்து அப்படிச் செய்யாதீர்கள். முன்பு அந்த நாட்குறிப்பைப் புரட்டியவர்களும் இதெல்லாம் அற்ப விஷயம் என்றுதான் ஒதுக்கினார்கள். உல்ரிக் அந்த அற்ப விஷயங்களைத்தான் பொறுமையாக எண்ணிக் கூட்டினார். 816 பிரசவங்கள் தேறின. பிரசவத்தின்போதே இறந்த தாய் ஒருவர்கூட இல்லை; பிரசவத்துக்குப் பிந்தைய ஓய்வு நாட்களில் இறந்தவர்கள் ஐந்து பேர். ஆண்களின் கணக்குப் புத்தகங்களில் தென்படாத ஒரு பொருளாதாரமும் அங்கே தெரிகிறது: பெண்கள் நூற்று, நெய்து, தங்களுக்குள் கொடுத்து வாங்கிய உலகம்.

அந்தக் காலத்தில் எல்லோரும் கட்டுப்பெட்டியாக இருந்தார்கள் என்ற நினைப்போடும் உள்ளே போகாதீர்கள். மணமாகாத பெண்ணுக்கு வலி எடுக்கும்போது, குழந்தைக்குத் தகப்பன் யார் என்று மருத்துவச்சி கேட்பது வழக்கம். 1791இல் சாலி பியர்ஸ் என்ற பெண் சொன்னது மார்த்தாவின் சொந்த மகன் ஜோனதனின் பெயரை. மார்த்தா அதை அப்படியே குறித்துவைத்தார். சில மாதங்களில் இருவருக்கும் கல்யாணம் நடந்தது, அவ்வளவுதான்.

அப்புறம், ஹாலோவெல்லை வைத்து அமெரிக்கா முழுவதையும் அளந்துவிட வேண்டாம். அது அமெரிக்காவின் வடகிழக்கில் உள்ள நியூ இங்கிலாந்துப் பகுதியின் ஒரு ஆற்றங்கரை ஊர். அதே காலத்தில் தெற்கே பெருந்தோட்டங்களில் அடிமைப்பட்டிருந்த பெண்களின் வரலாற்றுக்கு வேறு நூல்களைத் தேட வேண்டும்.

2001இல் வந்த உல்ரிக்கின் 'தி ஏஜ் ஆஃப் ஹோம்ஸ்பன்' நூலை, கைநெசவுக் காலத்தை நினைத்து ஏங்கும் புத்தகம் என்று கொள்வதும் தவறு. அமெரிக்கப் பாதிரியார் ஹோரஸ் புஷ்னெல் 1851இல் ஆற்றிய உரை அந்தக் காலத்தை அப்படித்தான் புகழ்ந்தது. உல்ரிக் கேள்வி கேட்பதே அந்தப் புகழ்ச்சியைத்தான். கூடை, நூற்கும் ராட்டை, அலமாரி, முடிக்காத காலுறை என்று ஒவ்வொரு பொருளாகக் கையில் எடுக்கிறார். பூர்வகுடிப் பெண் பின்னிய ஒரு கூடையிலிருந்து, போருக்கும் பறிபோன நிலத்துக்கும் நம்மை அழைத்துப் போகிறார்.