அணுகுண்டைப் பற்றி கேமரா முன் பேசப் போகிறீர்களா?

மதுரைப் பக்கம் நாகமலைப் புதுக்கோட்டையில் என் வீட்டுக்கு வரும் படக்குழுக்கள் காலை முழுக்கப் பேச வைப்பார்கள். படத்தில் மிஞ்சுவது இரண்டு, மூன்று வாக்கியம். எது மிஞ்சும் என்பது எடிட்டர் கையில். அதனால், என்னிடம் பிசிக்ஸ் படித்த பிள்ளைகள் கேட்டால் ஒன்றைத்தான் அழுத்திச் சொல்வேன்: 'ஆனால்' என்று தொடங்கும் விஷயத்தை அடுத்த வாக்கியத்துக்குத் தள்ளாதீர்கள்.

ஹிரோஷிமா குண்டு சுமார் 15 கிலோடன், அதாவது 15,000 டன் டி.என்.டி. வெடிமருந்தின் சக்தி. ஒரு மெகாடன் (1,000 கிலோடன்) குண்டுக்கு அதைப்போல் 67 மடங்கு சக்தி. இதோடு மூச்சு விட்டீர்களானால் அங்கேயே கத்திரி விழும். பார்ப்பவர் அழிவும் 67 மடங்கு தூரம் போகும் என்று நினைத்துக்கொள்வார். உண்மையில் வெடி அலை எட்டும் தூரம் சக்தியின் கனமூலப்படிதான் கூடும் (4 × 4 × 4 = 64, ஏறக்குறைய 67). ஆகவே ஒரே மூச்சில், "சக்தி 67 மடங்கானாலும் இடிபடும் தூரம் 4 மடங்கு, பரப்பு 16 மடங்கு கூடும்" என்று முடியுங்கள். வரைபடம் கேட்டால் பெரியார் பஸ் ஸ்டாண்டை நடுவாக வையுங்கள். ஹிரோஷிமாவில் ஏறக்குறைய எல்லாம் தரைமட்டமான 1.6 கிலோமீட்டர் ஆரமுள்ள வட்டத்துக்குள் மீனாட்சி அம்மன் கோயிலும் ரயில்வே ஸ்டேஷனும் வந்துவிடும். அதன் 4 மடங்கு ஆரமுள்ள வட்டத்தில் திருப்பரங்குன்றமும் சேரும். தீக்காயம் அதற்கும் அப்பால் போகும் என்பதையும் அதே வாக்கியத்தில் கோத்துவிடுங்கள்.

வெட்டுப்பட்ட பேச்சு எப்படி ஊர் சுற்றும் என்பதற்கு அமெரிக்காவின் முதல் அணுகுண்டை உருவாக்கிய குழுவுக்குத் தலைமை தாங்கிய ஓப்பன்ஹைமரே சாட்சி. "இப்போது நானே மரணம், உலகங்களை அழிப்பவன்" என்ற கீதை வரியை அவர் கேமரா முன் சொன்னது 1965-இல், அமெரிக்கத் தொலைக்காட்சிக்காக, பழையதை நினைத்துப் பார்த்து. 1945 ஜூலை 16, முதல் அணுகுண்டுச் சோதனையன்று அங்கேயே வாய்விட்டுச் சொன்னார் என்று இன்றைக்கும் எத்தனை பேர் நம்புகிறார்கள்!

கேட்பவர் குரல் பெரும்பாலும் படத்தில் வராது. அதனால் கேள்வியையும் பதிலுக்குள் சேர்த்துச் சொல்லுங்கள். ஃபேனை நிறுத்துங்கள், சித்திரையிலும்தான். நெருக்கமான கோடு போட்ட சட்டை வேண்டாம், திரையில் அலையடிக்கும்.

"போர் வருமா சார்?" என்று கட்டாயம் கேட்பார்கள். அது இயற்பியல்காரன் பதில் சொல்லும் கேள்வியில்லை என்று சொல்லிவிடுங்கள். குண்டு செய்யும் விவரத்துக்குள் இழுத்தால் எழுந்துவிடலாம், தப்பில்லை.

கடைசியில் ஒப்புதல் படிவம் நீட்டுவார்கள். காபி ஆறினாலும் பரவாயில்லை, முழுதும் படித்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். இதே பேச்சை வேறு படத்திலும் ஒட்டிக்கொள்ளலாம் என்ற வரி அநேகமாக அதில் இருக்கும். வேண்டாம் என்றால் அடித்துவிட்டுப் பக்கத்தில் சுருக்கொப்பம் வையுங்கள்.