டர்பனுக்கு வரும் தமிழர்களுக்கு: நம்மவர் என்று நினைப்பவர்களிடம் கூடுதல் கவனம் வேண்டும்

தென்னாப்பிரிக்காவின் டர்பனுக்கு வேலை கிடைத்து வரவிருக்கும் தமிழ்க் குடும்பங்கள் என்னிடம் கேட்பவை பெரும்பாலும் வீட்டு வாடகை, பிள்ளைகளின் பள்ளி, இட்லி அரிசி, பாதுகாப்பு ஆகியவற்றைப் பற்றியே இருக்கின்றன. அவற்றுக்கு விடை சொல்வது எளிது. நான் முதலில் சொல்ல விரும்புவதை இதுவரை ஒருவரும் கேட்டதில்லை. நான் வந்தபோதும் அதை எனக்கு எடுத்துச் சொல்ல ஆளில்லை. அதனால் இரண்டு ஆண்டுகள் இந்த ஊரில் தமிழர்களுக்கு நடுவிலேயே தமிழர் துணையின்றி வாழ்ந்தோம்.

அலுவலகக் காரியங்களைச் சுருக்கமாக முடித்துவிடுகிறேன். உங்கள் பட்டச் சான்றிதழ்களைத் தென்னாப்பிரிக்கத் தகுதி ஆணையத்தின் மதிப்பீட்டுக்கு அனுப்பும் வேலையை ஊரில் இருக்கும்போதே தொடங்கிவிடுங்கள். மருத்துவரும் பொறியாளரும் தத்தம் துறைக்குரிய மன்றத்தில் பதிவு செய்துகொள்ள வேண்டியிருக்கும். வங்கியில் கணக்குத் தொடங்க முகவரிச் சான்று கேட்பார்கள் என்பதால் வாடகை ஒப்பந்தத்தைக் கையிலேயே வைத்திருங்கள். ஒருவர் ‘ஜஸ்ட் நவ்’ வருகிறேன் என்று சொன்னால் உடனே வருவார் என்று காத்திருக்காதீர்கள். இங்கே அந்தச் சொல்லுக்கு ‘பிறகு, நேரம் கிடைக்கும்போது’ என்பதுதான் பொருள். மற்றவற்றை உங்கள் நிறுவனத்தின் பணியாளர் பிரிவே சொல்லிவிடும்.

இனி என் கதைக்கு வருகிறேன். 2013ஆம் ஆண்டு நான் வந்த நான்காவது மாதம் ஆடி பிறந்தது. அலுவலகத்தில் கணக்குப் பிரிவில் இருந்த ஒருவர், நான்கு தலைமுறைக்கு முன் கரும்புத் தோட்டத்துக்கு வந்தவர்களின் வழியில் பிறந்தவர், டர்பனில் இந்தியர் மிகுந்து வாழும் சாட்ஸ்வொர்த் பக்கம் உள்ள சிறிய அம்மன் கோயிலுக்கு எங்களைக் கூப்பிட்டார். ஆடியில் மாரியம்மனுக்குக் கூழ் ஊற்றுவதை இங்கே ‘போரிட்ஜ் பிரேயர்’ என்பார்கள். பெயர் ஆங்கிலமாக இருந்தாலும் வேப்பிலையும் மஞ்சள் நீரும் புளித்த கூழின் மணமும் என்னை ஒரு நொடியில் ஊருக்கே கொண்டுபோயின. அந்த நெகிழ்ச்சியில், இது என் வீடு, இங்கே எனக்கு எல்லா உரிமையும் உண்டு என்று நினைத்துக்கொண்டேன்.

எழுபது வயதைக் கடந்த ஓர் அம்மையார் ஆங்கில எழுத்தில் எழுதி வைத்திருந்த நோட்டைப் பார்த்துத் தேவாரம் பாடினார். ழகரம் லகரமாக ஒலித்தது. சில இடங்களில் சீர் பிரிந்து பொருளே மாறியது. பாடி முடித்ததும் அவர் கண்ணை மூடிக்கொண்டு, படவட்டம்மா, படவட்டம்மா என்று மூன்று முறை அம்மனை அழைத்தார். நான் அவரிடம் சென்று, மரியாதையாகத்தான் பேசுகிறேன் என்ற நினைப்பில், சொற்களைத் திருத்தினேன். படவட்டம்மா என்று ஒரு சாமி கிடையாது, மாரியம்மா என்று சொல்லுங்கள் என்றும் சொன்னேன். நான் தென்காசிப் பக்கத்துக்காரன். முத்தாரம்மனையும் இசக்கியம்மனையும் கும்பிட்டு வளர்ந்தவன். எனக்குத் தெரியாத அம்மன் தமிழ்நாட்டில் இருக்க முடியும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. அவர் எதுவும் பேசாமல் நோட்டை மூடினார். கோயில் செயலாளர் அருகில் வந்ததும், ‘இங்கே தமிழே இல்லையே அங்கிள், நான் ஞாயிறுதோறும் வந்து வகுப்பு எடுக்கிறேன்’ என்று ஆங்கிலத்தில் சொன்னேன். ‘பார்க்கலாம்’ என்றார் அவர். அதன் பிறகு எந்த விழாவுக்கும் எங்களுக்கு அழைப்பு வரவில்லை.

நான் செய்தது எவ்வளவு பெரிய பிழை என்பதை விளங்கிக்கொள்ள, இந்த நாட்டில் தமிழ் என்ற சொல் எதைக் குறிக்கிறது என்று தெரிந்திருக்க வேண்டும். ‘நீங்கள் தமிழா, ஹிந்தியா’ என்று இங்கே ஒருவர் கேட்டால், எந்த மொழி பேசுகிறீர்கள் என்று அவர் கேட்கவில்லை. உங்கள் வீட்டில் எந்த முறைப்படி கல்யாணமும் கருமாதியும் நடக்கிறது, எந்தக் கோயிலில் நேர்ந்துகொள்கிறீர்கள், உங்கள் பாட்டன் எந்தத் துறைமுகத்தில் கப்பலேறினார் என்பதெல்லாம் அந்த ஒரு சொல்லுக்குள் அடங்கும். மொழி நாவிலிருந்து நழுவிய பிறகும் வழிபாடும் உறவுப் பெயரும் சமையலும் தமிழ் என்ற பெயரிலேயே நிலைத்திருக்கின்றன. ஆகவே ‘இங்கே தமிழே இல்லை’ என்று நான் சொன்னது, நீங்கள் யாருமே இல்லை என்று சொன்னதாகத்தான் அவர்கள் காதில் விழுந்தது.

அந்த மொழி எப்படி நழுவியது என்பதையும் வருவதற்கு முன் தெரிந்துகொள்ளுங்கள். 1860 நவம்பர் 16 அன்று ட்ரூரோ என்ற கப்பல் சென்னையிலிருந்து ஒப்பந்த வேலைக்கு வந்த 342 பேருடன் டர்பன் துறைமுகத்தை அடைந்தது. 1911இல் ஒப்பந்த முறை முடியும்வரை ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் இப்படிக் கொண்டுவரப்பட்டார்கள். அவர்களில் பெரும்பகுதியினர் சென்னையில் கப்பலேறியவர்கள். கரும்புத் தோட்டத்தில் ஐந்தாண்டு ஒப்பந்தம், அது முடிந்து தங்க விரும்பினால் மூன்று பவுண்டு வரி, பிறகு குடியிருப்புகளை இனவாரியாகப் பிரித்த 1950ஆம் ஆண்டின் குரூப் ஏரியாஸ் சட்டத்தின்கீழ் குடியிருந்த இடத்திலிருந்து வெளியேற்றம் என்று ஒவ்வொரு தலைமுறைக்கும் ஒரு அடி விழுந்தது. டர்பனின் கேட்டோ மேனர் பகுதியில் தோட்டம் போட்டு, கோயில் கட்டி வாழ்ந்த பல குடும்பங்கள் சாட்ஸ்வொர்த்துக்கு வந்தது அப்படித்தான். பிழைக்க ஆங்கிலம் வேண்டியிருந்தது. இத்தனைக்குப் பிறகும் 1996ஆம் ஆண்டின் அரசியல் சாசனம், மதித்துப் பேணப்பட வேண்டிய சமூக மொழிகளின் வரிசையில் தமிழைப் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது. தமிழ் எழுத்துத் தெரியாமல் போனவர்கள் ஆங்கில எழுத்திலாவது தேவாரத்தை எழுதி வைத்துக் காப்பாற்றினார்கள். நான் குறையென்று கண்ட அந்த நோட்டு அப்படிக் காப்பாற்றப்பட்ட ஒன்று.

ஊரில் தில்லையாடி வள்ளியம்மையைப் பற்றி நாம் எல்லோரும் பள்ளியில் படித்திருக்கிறோம். சென்னையில் கோ-ஆப்டெக்ஸ் மாளிகைக்கு அவர் பெயரையே வைத்திருக்கிறோம். அவர் பிறந்தது ஜோகன்னஸ்பர்க்கில். சிறை சென்று நோயுற்று, 1914 பிப்ரவரி 22 அன்று, பதினாறு வயதில் இறந்ததும் அதே நகரில்தான். அவரை நம்மவர் என்று கொண்டாடும் நாம், அவருடைய தெருவில் வளர்ந்தவர்களின் பேரப்பிள்ளைகளைப் பார்த்து உங்களுக்குத் தமிழ் தெரியாது என்று சொல்லக் கூசுவதில்லை.

அந்த இரண்டு ஆண்டுகளில் என் மனைவிக்கு ஓர் அறுவை சிகிச்சை நடந்தது. இந்த ஊரில் ஒரு வீட்டில் நோய் என்றால் கோயில் பெண்கள் முறை வைத்துச் சமைத்துக் கொண்டுவந்து கொடுப்பார்கள். அடுத்த தெருவில் ஒரு வீட்டுக்கு அப்படிப் போவதை நாங்கள் பார்த்திருக்கிறோம். எங்கள் வீட்டுக்கு ஒருவரும் வரவில்லை. வந்தவர்கள் என்னோடு வேலை செய்த, ஸூலு என்ற ஆப்பிரிக்க இனத்தைச் சேர்ந்த மூத்த தொழில்நுட்பரும் அவருடைய மனைவியும் மட்டுமே. அவரிடம் நான் முதல் நாளிலிருந்தே மிகுந்த கவனத்தோடு நடந்துகொண்டிருந்தேன். வயதில் மூத்தவரைப் பெயர் சொல்லி அழைக்காமல் பாபா என்று அழைக்க வேண்டும், வேலையைப் பற்றிப் பேசுவதற்கு முன் ‘சானிபோனானி’ என்று வணங்கி நலம் கேட்க வேண்டும், எதையும் வலக்கையில்தான் கொடுத்து வாங்க வேண்டும் என்பதையெல்லாம் அவரிடமே கேட்டுக் கற்றேன். அவருடைய பழக்கம் எனக்குத் தெரியாது என்று எனக்குத் தெரிந்திருந்தது. கோயிலில் இருந்தவர்கள் என்னைப் போன்ற முகமும் என் உறவினர்களைப் போன்ற பெயரும் கொண்டவர்கள் என்பதால், அவர்களைப் பற்றி எனக்கு எல்லாம் தெரியும் என்று எண்ணிவிட்டேன். புதிதாக வரும் நம்மவர்கள் வழுக்கி விழுவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான்.

பிறகு வேலையிடத்தில் நடந்த ஒரு பயிற்சியில் பண்பாட்டுப் பணிவு என்ற கருத்தை முதன்முறையாகக் கேட்டேன். மெலனி டெர்வலோன், ஜேன் முர்ரே-கார்சியா என்ற இரு அமெரிக்க மருத்துவர்கள் 1998இல் அதை எழுதினார்கள். பிறர் பண்பாட்டைப் படித்துத் தேர்ச்சி பெற்றுவிடலாம் என்ற எண்ணத்தை அவர்கள் மறுத்தார்கள். தன்னைத்தானே வாழ்நாள் முழுதும் சோதித்துக்கொள்வது, இருவருக்கிடையே உள்ள அதிகார ஏற்றத்தாழ்வைச் சரிசெய்வது, அந்தச் சமூகத்தோடு சமமாக நின்று வேலை செய்வது என்பவற்றையே அவர்கள் வலியுறுத்தினார்கள். அவர்கள் தரும் எடுத்துக்காட்டு என்னை விட்டு நீங்கவில்லை. அறுவை சிகிச்சை முடிந்து சில மணி நேரமே ஆன ஒரு லத்தீன் அமெரிக்கப் பெண் வலியில் முனகுகிறார். அதே பின்னணி கொண்ட மருத்துவர் ஒருவர் அந்த அம்மாவுக்கு வலி கடுமையாக இருக்கிறதே என்கிறார். செவிலியோ, இந்த மக்கள் வலியை மிகைப்படுத்திக் காட்டுவார்கள் என்று நான் வகுப்பில் படித்திருக்கிறேன் என்று அதைத் தள்ளிவிடுகிறார். அந்தச் செவிலிக்கு ஒரு வகுப்பாவது இருந்தது. எனக்குத் தென்காசியில் பிறந்தேன் என்பதைத் தவிர வேறு தகுதி இருக்கவில்லை.

அதிகாரம் நமக்கு எங்கே இருக்கிறது, நாம் விசாவில் வந்தவர்கள்தானே என்று நீங்கள் நினைக்கலாம். கோயிலுக்குள் நிலைமை வேறு. அவர்கள் எழுத்துத் தெரியாமல் காத்துவந்ததை நாம் எழுத்துத் தெரிந்தவர்களாக வந்து நின்று அளக்கிறோம். நாம் தலையசைத்தால் சரி, புருவம் உயர்த்தினால் தவறு என்று ஆகிவிடுகிறது. இந்த அதிகாரத்தைக் கேட்டு வாங்கவில்லை என்பதாலேயே அது நம் கையில் இல்லை என்று ஆகிவிடாது.

சில சொற்களைப் பற்றியும் எச்சரிக்கிறேன். கூலி என்பது நமக்குச் சம்பளத்தைக் குறிக்கும் சாதாரணச் சொல். இங்கே அது நூறு ஆண்டுகளுக்கு மேலாக இந்தியர் முகத்தில் வீசப்பட்ட வசை. தமிழில் பேசும்போதுகூட மற்றவர் காதுபட அதைச் சொல்லாதீர்கள். பெரியவர்களைச் சாமி என்று அன்பாக அழைக்கும் பழக்கத்தையும் விட்டுவிடுங்கள். முனுசாமி, ராமசாமி என்ற பெயர்களின் வாலைப் பிடித்து வெள்ளையர்கள் எல்லா இந்திய ஆண்களையும் ‘சேமி’ என்று இழிவாக அழைத்த நாடு இது. அங்கிள், ஆன்ட்டி என்றே எல்லோரும் அழைக்கிறார்கள். நீங்களும் அப்படியே அழையுங்கள். கோவெண்டர், மூட்லி, பிள்ளே, படையாச்சி என்ற குடும்பப் பெயர்களைக் கேட்டதும் சாதியைக் கணக்கிட்டு, ‘நீங்கள் இன்னாரா’ என்று கேட்பவர்களை நான் பார்த்திருக்கிறேன். அதைப் போல எனக்கு எரிச்சல் தருவது வேறொன்றும் இல்லை. சாதியை ஊரிலேயே கேட்கக் கூடாது. கடல் கடந்து வந்து நான்கு தலைமுறை ஒரே லயத்தில், அதாவது தோட்டத்து வரிசை வீடுகளில், வாழ்ந்தவர்களிடம் கேட்பது அவர்களை மறுபடியும் கப்பலேற்றுவதற்குச் சமம்.

அலுவலகத்தில் வேலைவாய்ப்புச் சமத்துவச் சட்டத்தைப் பற்றிப் பேச்சு வந்தால் கேட்டுக்கொள்ளுங்கள். 1998ஆம் ஆண்டின் அந்தச் சட்டத்தில் கறுப்பினத்தவர் என்ற சொல் ஆப்பிரிக்கர், கலப்பினத்தவர், இந்நாட்டு இந்தியர் ஆகிய மூவரையும் குறிக்கும். நேற்று வந்த நாம் அந்தக் கணக்கில் இல்லை. ஊரின் இட ஒதுக்கீட்டு வாதங்களை இங்கே தேநீர் மேசையில் இறக்கி வைக்க நமக்கு உரிமையும் இல்லை, தேவையும் இல்லை.

எங்கள் மனக்கசப்பு தீர்ந்த விதத்தைச் சொல்கிறேன். மூன்றாம் ஆடியில் நானும் மனைவியும் அழைப்பில்லாமலேயே அந்தக் கோயிலுக்குப் போனோம். அந்த அம்மையாரிடம் மன்னிப்புக் கேட்டேன். அவர் தலையை மட்டும் அசைத்தார். பின்கட்டில் கூழ் அண்டா கழுவ ஆள் போதவில்லை என்றார்கள், கழுவினோம். அடுத்தடுத்த மாதங்களிலும் போய் அதையே செய்தோம். வகுப்பு எடுக்கிறேன் என்ற பேச்சை நான் மறுபடி எடுக்கவில்லை.

ஓராண்டு கழித்து அந்த அம்மையாரே ஓர் உறையோடு என்னிடம் வந்தார். வெளிநாட்டுக் குடிமக்களான இந்திய வம்சாவளியினருக்கு இந்தியா தரும் ஓசிஐ அட்டைக்கு அவர் விண்ணப்பிப்பதற்காக, அவருடைய பேரன் ஆவணக் காப்பகத்திலிருந்து கப்பல் பட்டியலின் நகலைப் பெற்றிருந்தான். அம்மையாரின் ஆயா, அதாவது பாட்டி, கைக்குழந்தையாகத் தாயின் இடுப்பில் வந்தவர். எண், பெயர், தந்தை பெயர், வயது, உயரம் என்று எல்லாவற்றையும் அந்த ஆங்கிலேய எழுத்தர் எழுதி வைத்திருந்தார். மாவட்டம் வட ஆற்காடு, தாலுகா போளூர் என்பது தெளிவாகப் படிந்திருந்தது. ஊர்ப் பெயர் மட்டும் நடுவில் மை பரவிக் கிடந்தது. ‘இதைப் படிக்க முடிகிறதா பாருங்கள்’ என்றார். எனக்கு அந்தப் பக்கம் தெரியாது, உறுதியாகச் சொல்ல முடியாது என்று முதலிலேயே சொல்லிவிட்டேன். செய்யாறு ஊர்க்காரரான ஒரு நண்பரைத் தொலைபேசியில் அழைத்து எழுத்து எழுத்தாகச் சொன்னேன். அவர் ஒரு கணமும் தயங்காமல், ‘படவேடு, ரேணுகாம்பாள் கோயில் இருக்கிற ஊர். ஆடி வெள்ளிக்கு அங்கே அவ்வளவு கூட்டம் கூடும். எங்கள் பக்கத்து ஜனங்கள் படவேட்டம்மன், படவட்டம்மன் என்றுதான் அந்த அம்மனைக் கூப்பிடுவார்கள்’ என்றார்.

தொலைபேசியை அவர் பக்கமாகத் திருப்பி, நண்பரை இன்னொரு முறை சொல்லச் சொன்னேன். அந்த அம்மையார் உறையை மடியில் வைத்துக்கொண்டு நெடுநேரம் பேசவில்லை. பிறகு, ‘ஆயா சொன்னது சரிதான்’ என்றார். அவரிடம் என்ன சொல்வது என்று தெரியாமல், மூன்று ஆண்டுகளுக்கு முன் நான் மூட வைத்த அந்த நோட்டைக் கொண்டுவரச் சொல்லிக் கேட்டேன். கடைசிப் பக்கத்தில் இருந்த அந்தப் பெயரைத் தமிழ் எழுத்தில் எழுதிக் காட்ட முடியுமா என்று அவர் கேட்டபோது, படவேடு என்றா, படவட்டம்மா என்றா எழுத வேண்டும் என்று நான் அவரிடமே கேட்டேன். ஆயா அழைத்தபடியே எழுதுங்கள் என்றார்; அப்படியே எழுதிக் கொடுத்தேன்.