கவர்ச்சி இதழ்களின் வரலாற்றை எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஆண்களுக்கான இதழ்கள், கிளாமர் மாடலிங் பற்றிப் புதிதாக எழுதுபவர்களின் கட்டுரைகள் என்னிடம் திருத்தத்துக்கு வரும். ஆரம்பத்தில் நான் செய்த அதே தவறுகள்தான் அவற்றிலும். ஆண்டு, பெயர்ப் பிழைகளை விட்டுவிடுகிறேன். அவற்றை நீங்களே பார்த்துக்கொள்வீர்கள்.

படம் வந்திருக்கிறது, அப்படியானால் போஸ் கொடுத்தார்

இதைப் பார்த்தால் எனக்கு இன்றும் கோபம் வரும். அமெரிக்க ஆண்கள் இதழான 'பிளேபாய்' முதல் இதழ் 1953 டிசம்பரில் வந்தது. அதற்காக மர்லின் மன்றோ போஸ் கொடுத்தார் என்று எழுதிவிடுகிறார்கள். இல்லை. 1949-இல், கையில் காசில்லாத நேரத்தில், டாம் கெல்லி என்ற புகைப்படக்காரரிடம் 50 டாலருக்கு எடுத்துக்கொண்ட படம் அது. ஒப்புதல் தாளில் 'மோனா மன்றோ' என்று பெயரை மாற்றிக் கையெழுத்திட்டார். படம் காலண்டருக்குப் போனது. அங்கிருந்து 'பிளேபாய்' நிறுவனர் ஹியூ ஹெஃப்னர் 500 டாலருக்கு உரிமை வாங்கினார். பணம் காலண்டர் கம்பெனிக்குத்தான் போனது, மன்றோவுக்கு அல்ல.

மன்றோ அதற்குள் நட்சத்திரம், சமாளித்துவிட்டார். கட்டுப்பெட்டியான ஊரில் வாழும் பெண் என்ன செய்வார்? ஒரு பழைய மாடலைப் பற்றி, 'விரும்பி போஸ் கொடுத்தவர்' என்று ஒருமுறை எழுதினேன். அவரிடமிருந்து கடிதம் வந்தது. சோப்பு விளம்பரத்துக்கு எடுத்த படமாம். புகைப்படக்காரர் பத்திரிகைக்கு விற்றுவிட்டார். வீட்டாருக்குப் புரியவைக்கவே பல வருடம் ஆனது, நீங்கள் மறுபடி ஆரம்பித்துவிட்டீர்கள் என்று எழுதியிருந்தார். என் கட்டுரையின் நகலும் உள்ளே இருந்தது. 'விரும்பி' என்ற சொல்லுக்குக் கீழே இரண்டு கோடு. மன்னிப்புக் கேட்டேன், திருத்தினேன். ஆனால் முதலில் அச்சானதைத் திரும்பப் பெற முடியவில்லை.

எடுத்தது யார், எதற்காக எடுத்தார், விற்றது யார், பணம் யாருக்குப் போனது? இது தெரியாவிட்டால் 'படம் வெளியானது' என்று மட்டும் எழுதுங்கள்.

பெயரை வைத்து உள்ளடக்கத்தை ஊகிப்பது

இந்தோனேசிய 'பிளேபாய்' 2006-இல் வந்தபோது அதில் நிர்வாணப் படமே இல்லை. அப்படியும் ஜகார்த்தா அலுவலகத்தின் மீது கல் வீசினார்கள். இதழைப் புரட்டிவிட்டு எழுதுங்கள்.

வழக்கைப் பாதியில் விடுவது

அதே இந்தோனேசிய இதழின் ஆசிரியர் எர்வின் அர்னாடா, ஆபாச வழக்கில் 2007-இல் விடுவிக்கப்பட்டார், 2010-இல் சிறைக்குப் போனார், 2011-இல் வெளியே வந்தார். எந்த ஆண்டோடு நிறுத்தினாலும் கதை தப்பாகிவிடும்.

நடுப்பக்கத்தை மட்டும் பார்ப்பது

இந்தியாவின் ஆண்கள் இதழான 'டெபோனேர்' நடுப்பக்கக் கவர்ச்சிப் படத்தோடு கவிதையும் போட்டது. அதையும் படியுங்கள்.