வெள்ளகில் கன்று வளர்க்கலாம் வாங்க: விதை பொறுக்குவது முதல் நடவு வரை

மழை பிடித்த முதல் வாரங்களில் மலைத்தோட்டத்துப் பாதையில் நடந்தால், சில இடங்களில் மஞ்சளாக ஒரு காய் வெடித்துக் கிடக்கும். பேரிக்காய் வடிவம், ஏறக்குறைய விரல் நீளம், மேலே நீளவாக்கில் பள்ளக் கோடுகள். பிரித்தால் செம்பழுப்பு நிறத்தில் மூன்றோ நான்கோ பெரிய விதைகள். அது வெள்ளகில். தாவரவியல் பெயர் டைசாக்சிலம் மலபாரிக்கம். குடகுப் பக்கம் 'பிளி தேவதாரி' என்பார்கள், மர வியாபாரத்தில் 'ஒயிட் சிடார்'. ஆனால் இது தேவதாரு இனமே இல்லை. வேம்பும் மகோகனியும் இருக்கிற குடும்பத்தில் பிறந்தது. மேற்குத் தொடர்ச்சி மலையைத் தவிர உலகில் வேறெங்கும் இயற்கையாக வளராத மரம்.

மணமுள்ள மரம் என்பதால் ஒரு காலத்தில் நிறைய வெட்டினார்கள். பசுமைமாறாக் காடுகள் தேயிலையும் காப்பியும் ஆனபோது இருந்த இடமும் சுருங்கியது. இன்று அழியும் ஆபத்தில் உள்ள மரங்களின் பட்டியலில் இருக்கிறது. எஸ்டேட்டுகளில் பெரிய தாய்மரங்கள் இன்னும் நிற்கின்றன. அவற்றுக்குக் கீழே கன்றுதான் இல்லை. விழுகிற விதை முளைத்தாலும் களை வெட்டும்போது கத்திக்கு அதுவும் ஒரு களைதான். அதனால்தான் இந்தப் பதிவு. நாற்றங்காலே பார்த்திராதவர்களும் செய்யலாம். ஒன்றை மட்டும் இப்போதே மனதில் வையுங்கள்: இந்த விதை காத்திருக்காது.

முதலில், உங்கள் இடம் பொருந்துமா?

கடல்மட்டத்திலிருந்து சுமார் 200 முதல் 1,200 மீட்டர் உயரம், நல்ல மழை, மேலே ஏற்கெனவே கொஞ்சம் மரநிழல். ஆனைமலை, குடகு, வயநாடு போன்ற இடங்களில் காப்பியோ ஏலமோ மிளகோ வைத்திருப்பவர்களுக்கு இது ஏற்ற மரம். சமவெளியில் வீட்டு முன்னால் வைக்க ஆசைப்பட்டால், தயவுசெய்து வேண்டாம். அங்கே புங்கனும் மருதும் இருக்கின்றன, அவற்றை வையுங்கள். நர்சரிகளில் வேகமாக வளரும் தடிமரம் என்று விற்கிற மலைவேம்பும் இது அல்ல. அது இதே குடும்பம், ஆனால் வேறு மரம்.

தாய்மரத்தை அடையாளம் காண்பது

30 மீட்டருக்கு மேல் உயரும் மரம், சாம்பலும் மஞ்சளும் கலந்த பட்டை. வேம்பு போல ஈர்க்கில் வரிசையாக இலைகள் இருக்கும். ஆனால் வேப்பிலையின் ரம்பப் பல் ஓரம் இருக்காது, ஒவ்வொரு சிற்றிலையும் கையகலத்துக்குப் பெரிது. புதியவர்கள் அதிகம் குழம்புவது சந்தன வேம்போடு. காயைப் பார்த்தால் சந்தேகம் தீர்ந்துவிடும். சந்தன வேம்பின் விதை சின்னது, சிறகோடு காற்றில் பறக்கும். வெள்ளகில் விதை கனமானது, நேராகக் கீழே விழும். அதைத் தூரம் கொண்டுபோக இருவாச்சிப் பறவை வேண்டும்.

விதை பொறுக்குவது

பெரும்பாலும் தென்மேற்குப் பருவமழையை ஒட்டித்தான் காய் பழுக்கும். மலைக்கு மலை முன்பின் ஆகும். மரத்துக்குக் கீழே வாரம் இரண்டு முறை போய்ப் பாருங்கள். காப்புக்காட்டுக்குள்ளும் புலிகள் காப்பகத்துக்குள்ளும் அனுமதி இல்லாமல் ஒரு விதைகூட எடுக்கக் கூடாது, அது சட்டப்படி குற்றம். அதற்கு அவசியமும் இல்லை. சொந்தத் தோட்டம், தெரிந்தவர் எஸ்டேட், தார்ச்சாலை ஓரம் போதும். சாலையில் விழுகிற விதை எப்படியும் வண்டிச் சக்கரத்தில் நசுங்கத்தான் போகிறது. குடகில் தேவரகாடு எனப்படும் கோயில் காடுகளில் பெரிய மரங்கள் உண்டு. அங்கே ஊர்ப் பெரியவர்களிடம் கேட்டுவிட்டுத்தான் நுழைய வேண்டும்.

கிடப்பதையெல்லாம் அள்ள வேண்டாம். பாதியை இருவாச்சிக்கும் எலிக்கும் மண்ணுக்கும் விடுங்கள்.

ஒரே மரத்தில் எடுக்காமல், தள்ளித் தள்ளி நிற்கும் நாலைந்து மரங்களில் கொஞ்சம் கொஞ்சமாக எடுங்கள். இதற்குக் காரணம் உண்டு. குடகில் இந்த மரத்தின் மரபணுக்களை ஆராய்ந்து 2012-இலும் அதற்குப் பிறகும் கட்டுரைகள் வெளியிட்டிருக்கிறார்கள். விதை அதிக தூரம் போகாததால் அருகருகே நிற்கும் மரங்கள் பெரும்பாலும் ஒன்றுக்கொன்று சொந்தம். சொந்தத்துக்குள் சேர்ந்து பிறக்கும் கன்று சோடை போகிறது. காப்பித் தோட்டத்தில் தனியாக நிற்கும் ஒற்றை மரத்துக்கோ வெகுதூரத்து மரங்களின் மகரந்தமும் வந்து சேர்கிறது. தனிமரம் என்று நாம் ஒதுக்குவதுதான் சில நேரம் நல்ல தாய்மரம். எனக்கு அந்தச் செய்தி பெரிய நிம்மதியாக இருந்தது, ஏனென்றால் எங்கள் பக்கம் மிஞ்சி நிற்பவை பெரும்பாலும் ஒற்றை மரங்கள்தான்.

பொறுக்கிய விதையைக் கட்டைவிரலால் அழுத்திப் பாருங்கள். கெட்டியாக, கனமாக இருக்க வேண்டும். அமுங்குவது, துளை விழுந்தது, சுருங்கியது எல்லாம் கழிவு. ஈரச் சாக்கிலோ பருத்தித் துணியிலோ சுற்றிக் கொண்டு வாருங்கள்.

முதல் வருடம் நான் செய்த தவறைச் சொல்லிவிடுகிறேன். மிளகைக் காயவைப்பதுபோலக் கொஞ்சத்தை வெயிலில் உலர்த்தினேன். மீதியைப் பிளாஸ்டிக் பையில் இறுகக் கட்டி, வேலை ஒழியட்டும் என்று மூன்று வாரம் அலமாரியில் வைத்தேன். உலர்த்தியதில் ஒன்றுகூட முளைக்கவில்லை. பையைப் பிரித்தபோது விதையெல்லாம் வழுவழுவென்று கறுத்து, புளித்த வாடை. நெல், கீரை விதைகள் காய்ந்தால்தான் நிற்கும். மழைக்காட்டு மரங்கள் பலவற்றின் விதை காய்ந்தால் செத்துவிடும். அடுத்த மழைக்கு எடுத்து வைப்பது என்ற பேச்சே இவற்றில் கிடையாது. எடுத்த இரண்டு மூன்று நாளில், அதிகம் போனால் ஒரு வாரத்தில், மண்ணுக்குள் போயாக வேண்டும்.

விதைப்பு

பெரிய விதை என்பதால் தனிப் பாத்தி தேவையில்லை, நேராக நாற்றுப்பையிலேயே ஊன்றலாம். எட்டு அங்குல அகலம், பன்னிரண்டு அங்குல உயரமுள்ள பை எடுங்கள். சின்னப் பையில் வேர் சீக்கிரம் சுருண்டுவிடும். இரண்டு பங்கு தோட்டத்து மேல்மண், ஒரு பங்கு மணல், ஒரு பங்கு நன்றாக மக்கிய தொழுவுரம். காட்டு மண்ணைத் தோண்டிக் கொண்டுவர வேண்டாம். ரசாயன உரமும் வேண்டாம்.

பையின் அடியிலும் பக்கத்திலும் துளை இருக்கிறதா என்று பார்த்து நிரப்பி, ஒரு நாள் தண்ணீர் விட்டு மண்ணை அமரவிடுங்கள். விதையைப் படுக்கவைத்து, அதன் பருமன் அளவுக்கே மண் மூடினால் போதும். ஆழம் போனால் அழுகும். மேலே கொஞ்சம் சருகு. நிழல்வலைக்கு அடியிலோ அடர்ந்த மரத்தடியிலோ பைகளை அடுக்கி, பூவாளியால் நனையுங்கள். மழை நாளில் ஊற்ற வேண்டாம். எலி தோண்டும் இடமானால் மேலே கம்பிவலை விரித்துக் கல் வையுங்கள்.

எந்தத் தாய்மரம், எந்தத் தேதி என்று ஒவ்வொரு வரிசைக்கும் ஒரு தகரத் துண்டில் ஆணியால் கீறிக் கட்டுங்கள். பேனா எழுத்து ஒரு மழைக்குத் தாங்காது.

நாற்றங்காலில் ஓராண்டு

முளைத்த பிறகு அவசரப்படாதீர்கள், இது நிதானமாக வளரும் மரம். மாதம் ஒரு முறை பையைத் தூக்கி இடம் மாற்றி வையுங்கள். அடியில் வெளியே வந்த வேரைக் கத்தரியுங்கள், இல்லாவிட்டால் தரைக்குள் இறங்கிவிடும். பிறகு பிடுங்கும்போது கன்று போய்விடும். நடுவதற்கு ஒரு மாதம் முன்பு தண்ணீரைக் குறைத்து, நிழலையும் கொஞ்சம் விலக்குங்கள். முழங்கால் உயரம் வந்தால் நடலாம். முதல் ஆண்டில் எட்டாவிட்டால் இன்னோர் ஆண்டு வைத்திருங்கள்.

நடவு

ஜூன் மாதம், மண் நன்றாக நனைந்த பிறகு. வெட்டவெளியில் நடக்கூடாது. மேலே நிழல், இடையிடையே வெயில் பொட்டுகள் விழுகிற இடம்தான் சரி. ஓர் அடி நீளம், அகலம், ஆழத்தில் குழி. மேல்மண்ணைத் தனியாக வைத்து அதையே முதலில் போடுங்கள்.

பையைக் கிழிப்பதில்தான் புதியவர்கள் கோட்டை விடுகிறார்கள். செடியின் தண்டைப் பிடித்து உருவாதீர்கள். பையைப் படுக்கவைத்து, ஒரு பக்கமாகப் பிளேடால் மேலிருந்து கீழே கீறுங்கள். இரண்டு கையாலும் மண் உருண்டையைத் தாங்கி, உடையாமல் குழிக்குள் இறக்குங்கள். அடியில் வேர் சுருண்டிருந்தால் அந்தச் சுருளை மட்டும் வெட்டுங்கள். தண்டு நாற்றங்காலில் எந்த மட்டத்தில் இருந்ததோ அதே மட்டம். சுற்றிலும் காலால் மிதித்து இறுக்கி, சருகு மூடாக்குப் போடுங்கள். கிழித்த பைகளை எண்ணி எடுத்து வாருங்கள், காட்டெருமையும் மானும் நடமாடும் இடத்தில் பிளாஸ்டிக் கிடக்கக் கூடாது.

இதை மட்டும் தனியாக வரிசை கட்டி நடாதீர்கள். அந்த மலையில் உள்ள மற்ற நாட்டு மரங்களோடு கலந்து நடுங்கள். வால்பாறையில் சிதைந்த காட்டுத் துண்டுகளை நேச்சர் கன்சர்வேஷன் ஃபவுண்டேஷன் என்ற இயற்கைப் பாதுகாப்பு அமைப்பு பல ஆண்டுகளாக மீட்டெடுத்து வருவது அப்படிக் கலந்து நட்டுத்தான்.

அடுத்த மூன்று ஆண்டுகள்

உரம், பாசனம் எதுவும் வேண்டாம், களை எடுப்பதுதான் வேலை. ஆண்டுக்கு இரண்டு மூன்று முறை கன்றைச் சுற்றி ஒரு மீட்டர் அளவு உண்ணிச்செடியையும் ஏறுகொடியையும் கையால் பிடுங்குங்கள். ஒவ்வொரு கன்றின் பக்கத்திலும் ஆள் உயரக் குச்சி ஊன்றி, நுனியில் சிவப்புத் துணி கட்டுங்கள். களை வெட்ட வருகிற அக்காமார்களிடம் அந்தத் துணி எதற்கு என்று நின்று சொல்லுங்கள். கத்தியிலிருந்து அதுதான் காப்பாற்றும்.

தடிக்காக, அதாவது வெட்டி விற்க, நடுகிறேன் என்பவர்களுக்கு ஒரு வார்த்தை. தமிழ்நாட்டில் மலைப்பகுதிகள் மரப் பாதுகாப்புச் சட்டம் 1955 முதல் இருக்கிறது, அதன்கீழ் வரும் மலைகளில் சொந்த நிலமானாலும் அனுமதி வாங்கித்தான் வெட்ட முடியும். அந்தச் சிரமத்துக்குப் பயந்து, குடகில் பலர் நாட்டு மரத்தை விட்டுவிட்டுச் சுலபமாக வெட்டி விற்கலாம் என்று வெளிநாட்டு மரமான சில்வர் ஓக் வைத்தார்கள். அதனால் தோட்டங்களில் நாட்டு மரங்கள் குறைந்துபோனதைத்தான் இப்போது பார்க்கிறோம். நான் வைப்பது வெட்டுவதற்கு அல்ல. என் காப்பிக்கு நிழல் கிடைக்கிறது, காய்க்கிற காலம் வந்தால் இருவாச்சிக்குச் சாப்பாடு.

மே மாதக் கடைசிக்குள் மண்கலவை சலித்து, பைகளை நிரப்பி அடுக்கி வைத்துவிடுங்கள். காய் வெடித்த பிறகு மண் சலிக்க நேரம் இருக்காது.