சுற்றுப்பாதைப் புதிர் கேம் செய்வது எப்படி: தோற்றவருக்குக் கோபம் வராத வகையில்

ஒரு கல்லைப் பக்கவாட்டில் வீசினால் கொஞ்ச தூரம் போய் விழும். வேகத்தைக் கூட்டக் கூட்ட இன்னும் தள்ளி விழும். ஒரு கட்டத்தில் கல் விழும் அளவுக்கே தரையும் வளைந்து விலகிக்கொண்டே போகும். கல் விழுந்துகொண்டே இருக்கும், ஆனால் தரையைத் தொடாது. சுற்றுப்பாதை என்பது இவ்வளவுதான். காற்றை மறந்துவிட்டுப் பார்த்தால், பூமியின் மேற்பரப்பை ஒட்டி இதற்குத் தேவையான வேகம் விநாடிக்குச் சுமார் 7.9 கி.மீ. அதுவே 11.2 கி.மீ. ஆகிவிட்டால் கல் திரும்பி வராது.

இதை வைத்து ஒரு புதிர் கேம் செய்யப் போகிறோம். நடுவில் ஒரு கோள். ஓரத்தில் ஒரு சின்ன விண்கலம். விரலால் இழுத்து, உண்டிவில் மாதிரி விட்டால் கலம் பறக்கும். எங்கோ இருக்கும் வளையத்துக்குள் அது நுழைய வேண்டும். கோடோ (Godot), யூனிட்டி போன்ற கேம் செய்யும் மென்பொருள்கள், வெறும் ஜாவாஸ்கிரிப்ட், எதில் வேண்டுமானாலும் செய்யலாம். ஒரு வட்டத்தை வரைந்து நகர்த்தத் தெரிந்தால் போதும்.

இயற்பியலை எழுதுவது ஒரு மாலை வேலை. நியாயமாக இருக்கும்படி செய்வதுதான் பல வாரம் இழுக்கும். நியாயம் என்று நான் சொல்வது லேசானதை அல்ல. தோற்றவர் "ச்சே, நான்தான் கொஞ்சம் அதிகமா இழுத்துட்டேன்" என்று சொன்னால் கேம் நியாயமானது. "என்ன இது, எதுக்குப் போச்சுன்னே தெரியல" என்றால் வேலை இன்னும் பாக்கி.

படி 1: உங்கள் பிரபஞ்சத்துக்கு எண்களை நீங்களே வையுங்கள்

நிஜ அளவுகளைக் கொண்டுவர ஆசை வரும். வேண்டாம். பூமியின் விட்டம் 12,742 கி.மீ., நிலவு சராசரியாக 3,84,400 கி.மீ. தொலைவில் இருக்கிறது. பூமியை 40 பிக்சல் அகலத்தில் வரைந்தால் நிலவு 1,200 பிக்சல் தள்ளி, 11 பிக்சல் அகலத்தில் ஒரு புள்ளியாக நிற்கும். நடுவில் வெறும் கறுப்பு.

அதனால் பின்பக்கமிருந்து தொடங்குவோம். திரை 1280 × 720 பிக்சல். கோளின் ஆரம் 40. மையத்திலிருந்து 200 பிக்சல் தொலைவில் இருக்கும் கலம் விநாடிக்கு 200 பிக்சல் வேகத்தில் போனால் சரியான வட்டம் அடிக்க வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். ஒரு சுற்றுக்கு 6.3 விநாடி ஆகும்; பார்க்க நன்றாக இருக்கும். வட்டப்பாதைக்கான விதி எளிது: வேகத்தின் வர்க்கத்தைத் தொலைவால் பெருக்கினால் கோளின் ஈர்ப்பு எண் வரும். 200 × 200 × 200 = 80 லட்சம். நியூட்டனின் மாறிலியும் வேண்டாம், கோளின் நிறையும் வேண்டாம், இந்த ஒரு எண் போதும்.

படி 2: கலத்தை நகர்த்துங்கள், வரிசை மாறாமல்

நேரத்தைச் சின்னச் சின்னத் துண்டுகளாக வெட்டி, ஒவ்வொரு காலத்துண்டிலும் இதைச் செய்யுங்கள்:

1. கோளின் இடத்திலிருந்து கலத்தின் இடத்தைக் கழியுங்கள். கிடைக்கும் அம்பின் நீளம்தான் தொலைவு. அதே அம்பை நீளம் 1 ஆகச் சுருக்கினால் திசை.
2. 80 லட்சத்தைத் தொலைவின் வர்க்கத்தால் வகுத்துத் திசையால் பெருக்குங்கள். இது முடுக்கம்.
3. முடுக்கத்தைக் காலத்துண்டால் பெருக்கித் திசைவேகத்தோடு கூட்டுங்கள்.
4. அந்தப் புதிய திசைவேகத்தைக் காலத்துண்டால் பெருக்கி இடத்தோடு கூட்டுங்கள்.

மூன்றையும் நான்கையும் இடம் மாற்றிவிடாதீர்கள். பழைய திசைவேகத்தை வைத்து இடத்தை நகர்த்தினால் கலத்துக்கு ஒவ்வொரு துண்டிலும் கொஞ்சம் இலவச ஆற்றல் கிடைக்கும். சுற்றுக்குச் சுற்று பாதை விரிந்து, கடைசியில் திரையை விட்டே போய்விடும். என் முதல் கேமில் இதைக் கண்டுபிடிக்க இரண்டு நாள் ஆனது. ஈர்ப்பு எண்ணை மாற்றி மாற்றிப் பார்த்துக்கொண்டிருந்தேன். பிழையோ வெறும் இரண்டு வரிகளின் வரிசையில் இருந்தது.

அடுத்தது, காலத்துண்டு எப்போதும் ஒரே அளவாக இருக்கட்டும். விநாடிக்கு 120 என்று வைத்துக்கொள்ளுங்கள். ஃபிரேம் வேகத்தோடு, அதாவது திரை விநாடிக்கு எத்தனை முறை புதிதாக வரையப்படுகிறது என்பதோடு இதைக் கட்டிப்போட்டால், பழைய போனில் விழும் கலம் புது போனில் தப்பிக்கும். ஒரே இழுப்புக்கு இரண்டு முடிவு வரும் புதிரை யார் நம்புவார்கள்? போன ஃபிரேமிலிருந்து எவ்வளவு நேரம் ஆயிற்று என்பதைச் சேர்த்து வையுங்கள். அதில் எத்தனை முழுத் துண்டுகள் தேறுகிறதோ அத்தனை முறை கணக்கை ஓட்டுங்கள். மீதியை அடுத்த ஃபிரேமுக்கு விட்டுவிடுங்கள்.

படி 3: போகப் போகும் பாதையைக் காட்டுங்கள்

இழுத்துப் பிடித்திருக்கும்போதே கலம் எங்கே போகும் என்று ஒரு புள்ளிக்கோடு தெரிய வேண்டும். கலத்தின் நகல் ஒன்றை எடுத்து, படி 2-இல் எழுதிய அதே கணக்கை முன்கூட்டியே ஓட்டி, பத்துத் துண்டுக்கு ஒரு புள்ளி வையுங்கள். கோட்டுக்கென்று தனியாக "தோராயமான" கணக்கு எழுதாதீர்கள். கோடு ஒன்று சொல்லி கலம் வேறொன்று செய்தால், ஒரே தடவையில் நம்பிக்கை போய்விடும்.

கஷ்டத்தைக் கூட்டுகிறேன் என்று ஒருமுறை நான் கோட்டை முழுவதும் எடுத்துவிட்டேன். விளையாடியவர்கள் யோசிப்பதை நிறுத்திவிட்டு, கண்ணை மூடிக்கொண்டு இழுத்து விட ஆரம்பித்தார்கள். அது புதிர் இல்லை, குலுக்கல். அப்புறம் கோட்டைத் திரும்பக் கொண்டுவந்து, பின்னால் வரும் லெவல்களில் மட்டும் நீளத்தைக் குறைத்தேன்: முதல் அரைச் சுற்று தெரியும், மீதியை மனக்கண்ணில் ஓட்ட வேண்டும்.

படி 4: விரலுக்கும் வேகத்துக்கும் நடுவே ஒரு மொழிபெயர்ப்பு

இதைத்தான் பெரும்பாலானவர்கள் கவனிப்பதே இல்லை. நம் எண்களில், 200 பிக்சல் தொலைவிலிருந்து பக்கவாட்டில் ஏவும்போது என்ன நடக்கிறது என்று பாருங்கள். வேகம் 115-க்குக் கீழே போனால் கோளில் மோதும். 200 என்றால் வட்டம். சுமார் 283-ஐத் தாண்டினால் திரும்பி வராது. வட்டத்துக்கான வேகத்தை 1.414-ஆல் பெருக்கினால் எப்போதும் தப்பிக்கும் வேகம் கிடைக்கும்.

இதுவரை சரி. ஆனால் 260 வேகத்தில் கலம் போய்த் திரும்பும் மிகத் தொலைவான இடம் சுமார் 1,090 பிக்சல். 270-இல் 2,050. 280-இல் 9,800! கீழே பத்துப் பத்தாகக் கூட்டியபோது ஒன்றும் பெரிதாக மாறவில்லை. மேலே அதே பத்து, பாதையை ஐந்து மடங்கு நீட்டிவிடுகிறது. விரல் ஒரு மில்லிமீட்டர் நடுங்கினால் ஆட்டம் காலி.

நான் செய்வது இதுதான். இழுக்கும் நீளத்தை நேரடியாக வேகமாக மாற்றாமல், பாதை எவ்வளவு தூரம் எட்டும் என்பதாக மாற்றி, அதிலிருந்து வேகத்தைக் கணக்கிடுகிறேன். நீள்வட்டப் பாதையின் நீள் அச்சில் (அதன் மிக நீளமான குறுக்களவில்) பாதி தெரிந்தால், 2-ஐத் தொலைவால் வகுத்து, அதிலிருந்து 1-ஐ அந்தப் பாதி அச்சால் வகுத்ததைக் கழித்து, ஈர்ப்பு எண்ணால் பெருக்கி வர்க்கமூலம் எடுத்தால் வேகம் வந்துவிடும். விளையாடுபவருக்கு இந்தக் கணக்கு எதுவும் தெரியாது. இழுத்த அளவுக்குப் பாதை நீள்கிறது என்று மட்டும் தோன்றும்; கை பழகிவிடும். விரலை எடுக்கும் கணத்தில் இழுப்பு அசையாமல் இருக்க, இழுத்த பிறகு நுணுக்கமாகத் திருத்த இரண்டு சின்ன பட்டன்களும், ஏவுவதற்கு ஒரு தனி பட்டனும் வைத்துவிடுங்கள்.

படி 5: இரண்டாவது கோளைத் தண்டவாளத்தில் ஓட்டுங்கள்

ஒரு கோள் இருக்கும்வரை எல்லாம் ஒழுங்கு. இரண்டாவதைச் சேர்த்து, எல்லாம் எல்லாவற்றையும் இழுக்கட்டும் என்று விட்டால், மூன்று பொருள் சிக்கலுக்குள் போய்விடுவீர்கள். தொடக்கத்தில் இருக்கும் கடுகளவு வித்தியாசம் முடிவைத் தலைகீழாக்கும் என்பதை பிரெஞ்சுக் கணிதவியலாளர் ஆன்றி புவான்காரே 19-ஆம் நூற்றாண்டின் இறுதியிலேயே இந்தச் சிக்கலில்தான் கண்டார். அறிவியலுக்கு அது பொக்கிஷம். புதிருக்கு விஷம்.

எனவே கோள்களைத் தண்டவாளத்தில் ஓட்டுங்கள். கோளின் கோணம் = நேரம் × ஒரு நிலையான எண். கோள்கள் கலத்தை இழுக்கும். கலம் கோள்களை இழுக்காது, கோள்களும் ஒன்றையொன்று இழுக்காது. இது ஏமாற்று வேலையா? ஆமாம், ஆனால் கேம் உலகில் பழைய வழக்கம். 1962-இல் மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் உருவான ஸ்பேஸ்வார் கேமில் நடுவில் இருக்கும் நட்சத்திரம் கப்பல்களை இழுக்கும், அவை விடும் ஏவுகணைகளை இழுக்காது. அத்தனைக்கும் ஈர்ப்பைக் கணக்கிட அன்றைய கணினிக்குத் திறன் போதவில்லை.

கோள் நகர ஆரம்பித்ததும் படி 3-இல் வரைந்த கோடு குழப்பம் தரும். கோடு கோளை விட்டு விலகிப் போவது போலத் தெரியும், ஆனால் கலம் நேராகப் போய் மோதும். ஏனென்றால் கலம் அங்கே போய்ச் சேருவதற்குள் கோளும் அங்கே வந்திருக்கும். இதற்கு மருந்து: கலம் கோளுக்கு மிக நெருங்கும் கணத்தில் கோள் எங்கே இருக்குமோ, அங்கே அதன் மங்கலான நிழல் ஒன்றை வரையுங்கள். இந்த ஒரு நிழல் நான் சேர்த்த மற்ற எல்லா உதவிகளையும்விட அதிகம் உதவியது.

படி 6: ஒரு லெவலுக்கு ஒரே ஒரு ஆச்சரியம்

சுற்றுப்பாதையின் சுவையே, அது நம் உள்ளுணர்வுக்கு நேர்மாறாக நடப்பதுதான். 1965 ஜூனில் அமெரிக்காவின் ஜெமினி 4 கலத்தில் இருந்த விண்வெளி வீரர் ஜேம்ஸ் மெக்டிவிட், தங்களைச் சுமந்து வந்த ராக்கெட்டின் கழன்ற பாகத்தை நெருங்கப் பார்த்தார். அதை நோக்கியே கலத்தைச் செலுத்தினார். அதுவோ விலகிக்கொண்டே போனது. எரிபொருள் கரைந்ததும் முயற்சியைக் கைவிட்டார்கள். முன்னால் போவதைப் பிடிக்க, முதலில் வேகத்தைக் குறைத்துக் கீழே இறங்க வேண்டும். கீழ்ப்பாதை சிறியது, அங்கே வேகமும் அதிகம். அப்புறம் மேலே ஏறினால் பிடித்துவிடலாம்.

இது அப்படியே ஓர் அருமையான லெவல். ஆனால் அதை ஐந்தாவதாக வையுங்கள், முதலாவதாக அல்ல. அதற்கு முந்தைய லெவலில் இன்னொன்றைக் கற்றுக்கொடுத்திருக்க வேண்டும்: இங்கே உந்தினால் பாதை உயர்வது இங்கே அல்ல, எதிர்ப்பக்கத்தில். 2023-இல் சந்திரயான் 3 பூமிக்கு அருகில் வரும்போது சில முறை உந்தி, தன் பாதையின் மறுமுனையைப் படிப்படியாக உயர்த்திக்கொண்டு போனது இதே விதியால்தான். இது தெரிந்தவருக்கு ஐந்தாவது லெவல் திணறலாக இருக்கும், அநியாயமாக இருக்காது.

வீச்சு முடுக்கம் (கோளைக் கடந்து போகும்போது அதன் ஈர்ப்பால் வேகத்தை மாற்றிக்கொள்வது) இன்னும் பின்னால் வரட்டும். நகரும் கோளின் முதுகுப்பக்கமாகக் கடந்தால் கலம் வேகம் பெறும், முன்பக்கமாகக் கடந்தால் இழக்கும். 1977-இல் கிளம்பிய வாயேஜர் 2 விண்கலம் வியாழன், சனி, யுரேனஸ் என்று ஒவ்வொன்றின் ஈர்ப்பையும் பயன்படுத்தி 1989-இல் நெப்டியூனை எட்டியது.

படி 7: கணினியை முதலில் விளையாடவிடுங்கள்

ஒரு லெவல் நியாயமானதா என்று உங்கள் கையால் சோதிக்காதீர்கள். விடை உங்களுக்கு ஏற்கெனவே தெரியும். 360 கோணங்கள், 100 இழுப்பு அளவுகள், மொத்தம் 36,000 ஏவுதல்களைத் திரையில் வரையாமல் ஓட்டுங்கள். வெற்றி பெற்றதைப் பச்சை, மோதியதைச் சிவப்பு, தொலைந்துபோனதைக் கறுப்புப் புள்ளியாக வைத்து ஒரு படம் வரையுங்கள். கிடைமட்டம் கோணம், செங்குத்து இழுப்பு.

பாதிப் படம் பச்சையாக இருந்தால் புதிரே இல்லை. ஒற்றைப் புள்ளி மட்டும் பச்சை என்றால் அது அதிர்ஷ்டப் பரிசு. குறைந்தது மூன்று டிகிரி அகலத்தில் ஒரு முழுத் திட்டு வேண்டும் என்பது என் அளவுகோல். பச்சையும் சிவப்பும் மணல் மாதிரி கலந்து கிடக்கும் பகுதிதான் ஆபத்து: அங்கே வென்றவருக்கும் ஏன் வென்றோம் என்று தெரியாது. அந்த இடத்தில் கோளைக் கொஞ்சம் தள்ளிவைத்துவிட்டுப் படத்தைத் திரும்ப ஓட்டுங்கள்.

திட்டு மெலிதாக இருந்தால் இன்னொரு சின்னத் தந்திரம். வளையம் கண்ணுக்குத் தெரிவதைவிட உண்மையில் நான்கு பிக்சல் பெரிதாக இருக்கட்டும். கோளின் மோதும் எல்லை தெரிவதைவிட இரண்டு பிக்சல் சிறிதாக இருக்கட்டும். மயிரிழையில் தப்பித்த மகிழ்ச்சி விளையாடுபவருக்கு. யாரும் புகார் சொல்ல மாட்டார்கள்.

படி 8: தோல்வியைச் சீக்கிரம் முடியுங்கள்

மோதியதும் வெடிப்பு, இசை, "மீண்டும் முயலவும்" பலகை எதுவும் வேண்டாம். அரை விநாடிக்குள் கலம் பழைய இடத்தில் நிற்க வேண்டும், போன முயற்சியின் பாதை மங்கலாகத் திரையில் மிச்சமிருக்க வேண்டும். அடுத்த இழுப்பை அதை வைத்துத்தான் திருத்துவார்கள். ஸ்கோரை நேரத்துக்குக் கொடுக்காதீர்கள், செலவான எரிபொருளுக்குக் கொடுங்கள். அவசரப்படுத்தினால் யாரும் யோசிக்க மாட்டார்கள்.

கடைசியாக, கேமைப் பார்த்தே இராத ஒருவரிடம் கொடுத்துவிட்டுப் பக்கத்தில் வாயை மூடிக்கொண்டு உட்காருங்கள். "அதை இழுங்க" என்று சொல்லக் கை பரபரக்கும், அடக்குங்கள். ஏவுவதற்கு முன் அவர் கண் எங்கே போகிறது என்று மட்டும் குறித்துக்கொள்ளுங்கள். நான் இப்படி உட்கார்ந்திருந்தபோது ஒருவர் ஆறாவது லெவலில் கலத்தைத் திரைக்கு வெளியே அனுப்பினார். போச்சு என்று நினைத்தேன். பதினைந்து விநாடி கழித்து அது மறுபக்கமாக இறங்கி வந்து, நேராக வளையத்துக்குள் நுழைந்தது. அதுவரை திரையை விட்டுப் போனால் தோல்வி என்றுதான் நிரலில் எழுதியிருப்பதாக நினைத்திருந்தேன், எழுத மறந்திருக்கிறேன். அன்றிரவு அந்த வரியைச் சேர்க்கவில்லை. பதிலுக்கு, வெளியே போன கலம் எங்கே இருக்கிறது என்று காட்ட, திரையின் ஓரத்தில் ஒரு சின்ன அம்புக்குறியை வரைந்தேன்.