காலையில் நெகட்டிவ், நாக்பூரில் காய்ச்சல்

தில்லியில் நவம்பர் வந்தால் எல்லோருக்கும் தொண்டை கரகரக்கும். அதனால் எங்கள் மயூர் விஹார் குடியிருப்பில் யார் இருமினாலும் "பொல்யூஷன்தான், வேறொன்றுமில்லை" என்று சொல்லி ஒரு டம்ளர் மிளகு ரசத்தை நீட்டிவிடுவார்கள். பாதி நேரம் அது சரியாகவும் இருக்கும். ஆனால் புகையால் வரும் இருமலோடு காய்ச்சல் வராது, வீட்டில் ஒருவர் பின் ஒருவராகப் படுக்கவும் மாட்டார்கள். அப்படி நடந்தால் மருந்துக் கடையில் ஒரு கோவிட் கிட் வாங்கிப் பார்த்துவிடுங்கள்.

சரி, கிட் வாங்கியாயிற்று. தவறுகள் இங்கேதான் தொடங்குகின்றன.

என் சித்தப்பா தொண்டை வலி ஆரம்பித்த அன்று காலையே டெஸ்ட் எடுத்தார். ஒரே கோடு. "நெகட்டிவ்ப்பா, கவலையே வேண்டாம்" என்று ராத்திரி தமிழ்நாடு எக்ஸ்பிரஸில் ஏறிவிட்டார். மறுநாள் நாக்பூர் வருவதற்குள் உடம்பு கொதிக்கிறது, சென்னையில் இறங்கி எடுத்தால் இரண்டு கோடு. கிட்டைத் திட்டிப் பயனில்லை. மூக்கில் வைரஸ் ஓரளவு சேர்ந்த பிறகுதான் கிட்டில் செய்யும் இந்த ஆன்டிஜென் டெஸ்டில் தெரியும், முதல் நாளில் அவ்வளவு சேராமல் இருக்கலாம். அறிகுறி இருந்து நெகட்டிவ் வந்தால் 48 மணி நேரம் கழித்து இன்னொன்று எடுக்க வேண்டும். அறிகுறியே இல்லை, கோவிட் வந்தவரோடு இருந்தீர்கள் என்பதற்காக எடுக்கிறீர்கள் என்றால் அதே இடைவெளியில் மொத்தம் மூன்று. காத்திருக்க முடியாது, வீட்டில் வயதானவர் இருக்கிறார் என்றால் நேராக லேபில் செய்யும் ஆர்டி-பிசிஆர் டெஸ்ட் எடுத்துவிடுவது மேல்.

அப்புறம் இந்த மங்கல் கோடு. கிட்டில் டி என்பது வைரஸ் இருந்தால் வரும் கோடு, சி என்பது டெஸ்ட் ஒழுங்காக வேலை செய்தால் வரும் கோடு. "டி கோடு லேசாகத்தான் தெரிகிறது, அப்படியென்றால் லேசான கோவிட்தானே?" என்று கேட்பவர்கள் உண்டு. குறித்த நேரத்துக்குள் பார்த்ததில் கோடு எவ்வளவு மங்கலாக இருந்தாலும் பாசிட்டிவ்தான். சி கோடே வரவில்லை என்றால் அந்த டெஸ்ட் செல்லாது. மறுநாள் குப்பைக் கூடையிலிருந்து எடுத்துப் பார்த்து, புதிதாக ஒரு கோடு வந்திருக்கிறதே என்று பதறுவதும் வேண்டாம்.

2021 ஏப்ரல், மே மாதங்களில், ஆக்சிஜனுக்கு ஊரே அலைந்த நாட்களில், பத்தாம் வகுப்பு மார்க் கேட்பதுபோல ஒருவரையொருவர் "சிடி எவ்வளவு?" என்று கேட்டுக்கொண்டிருந்தோம். எந்த சிடி என்று யாரும் சொல்லவில்லை. பிசிஆர் ரிப்போர்ட்டில் வருவது எத்தனை சுற்று பெருக்கிய பிறகு வைரஸ் தென்பட்டது என்ற எண். குறைவாக இருந்தால் மாதிரியில் வைரஸ் அதிகம். நெஞ்சு சிடி ஸ்கேனில் 25-க்கு இத்தனை என்று போடுவது நுரையீரல் எவ்வளவு பாதிக்கப்பட்டிருக்கிறது என்பதற்கு, அங்கே எண் கூடினால்தான் ஆபத்து. ஒன்று நேர், ஒன்று தலைகீழ். "எனக்கு 18" என்று ஒருவர் சொல்ல, கேட்டவர் மற்ற 18-ஐ நினைத்து அழுததை நான் போனில் கேட்டிருக்கிறேன். பிசிஆர் எண்ணே குச்சியை எப்படி விட்டார்கள், எந்த லேப் என்பதைப் பொறுத்து மாறும். அதை வைத்து நோயின் தீவிரத்தை முடிவு செய்யக்கூடாது என்று இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகமான ஐசிஎம்ஆர் அப்போதே சொல்லியிருந்தது.

எப்போது பரவும் என்பதில்தான் பலரும் கோட்டை விடுகிறார்கள். அறிகுறிக்கு ஒன்றிரண்டு நாள் முன்பே பரவ ஆரம்பித்துவிடும். சித்தப்பா ரயில் ஏறுவதற்கு முந்தின நாள் மலை மந்திரில் பிரசாத வரிசையில் நின்றிருந்தார், அந்தக் கணக்கையும் சேர்க்க வேண்டும். அறிகுறி தொடங்கிய முதல் சில நாட்கள்தான் உச்சம், பெரும்பாலானவர்களுக்கு எட்டு, பத்து நாளில் அடங்கிவிடும். எதிர்ப்புச் சக்தி குறைந்தவர்களுக்கு இன்னும் நீளலாம். 2022 ஜனவரியில் சுகாதார அமைச்சகம் வீட்டுத் தனிமைக்குச் சொன்ன விதி: பாசிட்டிவ் ஆகி 7 நாள் கழிந்திருக்க வேண்டும், கடைசி 3 நாள் காய்ச்சல் இருக்கக்கூடாது, மறுபடி டெஸ்ட் தேவையில்லை. பாராசிட்டமால் போட்டுக்கொண்டு "காய்ச்சலே இல்லை" என்று நாள் எண்ணுவது கணக்கில் சேராது. ஆபீஸ் போக நெகட்டிவ் வேண்டுமென்று மறுபடி பிசிஆர் எடுப்பதும் வீண், செத்த வைரஸின் துணுக்குகளால் வாரக்கணக்கில் பாசிட்டிவ் காட்டும். சந்தேகம் இருந்தால் ஆன்டிஜென் எடுங்கள். அது இன்னும் பாசிட்டிவ் என்றால் நீங்கள் இன்னும் பரப்பக்கூடும், மாஸ்க்கைக் கழற்றாதீர்கள். இருமலும் வாசனை தெரியாததும் மட்டும் பல வாரம் இழுத்தால் அதற்காக ஆளை ஒதுக்கிவைக்க வேண்டியதில்லை.

கடைசியாக, விரலில் மாட்டி ரத்தத்தில் ஆக்சிஜன் எத்தனை சதவீதம் என்று பார்க்கும் ஆக்சிமீட்டர். ஜனவரிக் குளிரில் விரல் விறைத்திருந்தால் அது தப்பாகக் காட்டும், நகப்பூச்சு இருந்தாலும் அப்படித்தான். பூச்சை அழித்து, கையைத் தேய்த்துச் சூடாக்கிவிட்டுப் பாருங்கள். ஒரு மணி நேரத்தில் மூன்று முறை பார்த்தும் 93-ஐத் தாண்டவில்லை, அல்லது மூச்சு வாங்குகிறது என்றால், குளிர்தான் காரணம் என்று சமாதானம் சொல்லிக்கொண்டிருக்காமல் ஆஸ்பத்திரிக்குக் கிளம்புங்கள்.